'ஹெரால்டு அண்ட் மோட்' புளூ-ரே: ஓர் எடிட்டர் எடுத்த சாவுக் காமெடி

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இந்தப் பழைய அமெரிக்கப் படத்தின் டிஸ்க்கை வாங்கலாம். ஆனால் நம்மூர் பிளேயரில் ஓடாது. அது தெரியாமல் வாங்கி முழித்தவன் நான், அதனால் அந்தக் கதையை முன்னால் சொல்லிவிட்டு அப்புறம் படத்துக்கு வருகிறேன்.

புளூ-ரே டிஸ்க்குக்காக உலகத்தை ஏ, பி, சி என்று மூன்றாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். அமெரிக்கா, ஜப்பான், சிங்கப்பூர், மலேசியா எல்லாம் ஏ. ஐரோப்பாவும் ஆஸ்திரேலியாவும் பி. நாம் சீனா, ரஷ்யாவோடு சேர்ந்து சி. பழைய படங்களை டிஸ்க்காகப் போடும் கிரைடீரியன் என்ற அமெரிக்கக் கம்பெனி 2012-ல் வெளியிட்ட இந்த டிஸ்க் ஏ-வுக்கு மட்டுமானது. நியூ ஜெர்சியில் இருக்கும் அத்தை மகன் போன தீபாவளிக்கு ஊருக்கு வந்தபோது, "உனக்கு வேற என்னடா வேணும், எப்பப் பார்த்தாலும் இந்தப் பழைய படம்தானா" என்று கேட்டுக்கொண்டே கொண்டுவந்து கொடுத்தான். அன்று ராத்திரியே போட்டேன். இந்த டிஸ்க் இங்கே ஓடாது என்கிற மாதிரி ஒரு வரி திரையில் வந்தது, அவ்வளவுதான். மறுநாள் ஒரு கடையில் "மல்டி ரீஜன் சார், எது போட்டாலும் ஓடும்" என்று அடித்துச் சொல்லி ஒரு பிளேயரை என் தலையில் கட்டினார்கள். வீட்டுக்கு வந்து பார்த்தால் அது டிவிடிக்குத்தான் மல்டி ரீஜன், புளூ-ரேவுக்கு இல்லை. திருப்பிக் கேட்டால் "பிரிச்ச பெட்டியை வாங்க மாட்டோம்" என்ற பழைய பாட்டு. கடைசியில் சிங்கப்பூரிலிருந்து வந்த நண்பர் ஒருவர் தன் வீட்டில் சும்மா கிடந்த பிளேயரைக் கொடுத்தார், அது ஏ. ஆக நீங்கள் வாங்குவதாக இருந்தால் பெட்டியின் மேல் 'மல்டி ரீஜன்' என்று போட்டிருப்பதை நம்ப வேண்டாம், புளூ-ரே ஏ, பி, சி மூன்றும் ஓடுமா என்று தனியாகக் கேளுங்கள், முடிந்தால் டிஸ்க்கைக் கையோடு எடுத்துப் போய்க் கடையிலேயே ஓட்டிப் பாருங்கள். சிங்கப்பூர், மலேசியாக்காரர்களுக்கு இந்தத் தலைவலி கிடையாது, கொடுத்துவைத்தவர்கள்.

சரி, இவ்வளவு பாடுபட்டு ஏன் பார்க்க வேண்டும்? நான் கல்யாண வீடியோ எடிட் செய்து பிழைப்பவன். பதினாலு வருடமாகத் தாலி கட்டும் ஷாட்டுக்கு அப்புறம் யார் முகத்தைப் போடுவது என்று யோசித்துக்கொண்டிருக்கும் ஆள். இந்தப் படத்தை எடுத்த ஹால் ஆஷ்பி, டைரக்டர் ஆவதற்கு முன்னால் பல வருடம் எடிட்டிங் அறையிலேயே கிடந்தவர். அந்த ஒரு காரணத்துக்காகத்தான் முதலில் தேடிப் பார்த்தேன். பார்த்த பிறகு என் தொழிலைப் பற்றி எனக்குத் தெரியாத சில விஷயங்கள் தெரிந்தன என்றுதான் சொல்ல வேண்டும்.

ஆளைப் பற்றிக் கொஞ்சம். 1929-ல் யூட்டா மாநிலத்தில் ஆக்டன் என்ற ஊரில் பிறந்தவர். கலிபோர்னியாவுக்கு வந்து அரசு வேலைவாய்ப்பு அலுவலகத்தில் போய் நின்று, சினிமா ஸ்டுடியோவில் ஏதாவது வேலை இருக்கிறதா என்று கேட்டிருக்கிறார். யுனிவர்சலில் ஸ்கிரிப்டை நகலெடுக்கும் மெஷினை ஓட்டும் வேலை கிடைத்தது. அங்கிருந்து எடிட்டிங் அறைக்குள் நுழைந்து, ராபர்ட் ஸ்விங்க் என்ற பெரிய எடிட்டரிடம் உதவியாளர். அப்புறம் நார்மன் ஜூவிசன் என்ற இயக்குநரின் படங்களுக்குத் தனி எடிட்டர். 'இன் த ஹீட் ஆஃப் த நைட்' (1967) படத்துக்கு எடிட்டிங் ஆஸ்கர் வாங்கினார். ஜூவிசன் தான் இயக்குவதாக இருந்த ஒரு படத்தைத் தயாரிப்பாளராக மட்டும் இருந்துகொண்டு இவர் கையில் கொடுத்தார், அதுதான் 'தி லேண்ட்லார்டு' (1970). அப்போது இவருக்கு நாற்பது வயது. அடுத்த வருடம் வந்தது 'ஹெரால்டு அண்ட் மோட்'.

கதை ரெண்டு வரி. ஹெரால்டுக்கு இருபது வயது இருக்கும், பணக்கார வீட்டுப் பையன், வேலை வெட்டி கிடையாது, பொழுதுபோக்கு என்னவென்றால் தற்கொலை செய்துகொண்ட மாதிரி நடித்து அம்மாவைப் பயமுறுத்துவது, அப்புறம் முன்பின் தெரியாதவர்களின் இறுதிச் சடங்குகளுக்குப் போய் நிற்பது. அப்படி ஓர் எழவுக்குப் போன இடத்தில் மோட் என்ற கிழவியைச் சந்திக்கிறான். அவளுக்கும் அதே பொழுதுபோக்கு, எண்பது வயது ஆக ஒரு வாரம்தான் இருக்கிறது. ரெண்டு பேருக்கும் காதல். ஆமாம், காதல்தான், சும்மா பாட்டி பேரன் பாசம் என்று நினைத்துக்கொண்டு போய் உட்காராதீர்கள்.

எழுதியவர் காலின் ஹிக்கின்ஸ், திரைப்படக் கல்லூரி மாணவர். ஒரு தயாரிப்பாளர் வீட்டில் நீச்சல் குளத்தைச் சுத்தம் செய்யும் வேலை பார்த்துக்கொண்டே எழுதிய கதை, அந்த வீட்டம்மா மூலமாகத்தான் மேலே போனது. தானே இயக்க வேண்டும் என்று அவருக்கு ஆசை, ஸ்டுடியோ ஒப்புக்கொள்ளவில்லை, ஆஷ்பியிடம் போனது. அதுவும் நல்லதுக்குத்தான் என்று நான் சொன்னால் ஹிக்கின்ஸுக்குக் கோபம் வந்திருக்கும், ஆனால் அதுதான் உண்மை. ஏன் என்று சொல்கிறேன்.

முதல் காட்சி. ஒரு பையனின் கால்கள் மாடிப்படியில் இறங்கி வருகின்றன. பெரிய வீடு, இருட்டு அறை. ரெக்கார்டைப் போடுகிறான், கேட் ஸ்டீவன்ஸ் என்ற பாடகரின் பாட்டு ஆரம்பிக்கிறது. மெழுகுவத்தி ஏற்றுகிறான், ஏதோ எழுதுகிறான். முகம் நமக்குச் சரியாகக் காட்டப்படுவதில்லை, காலையும் கையையும்தான் கேமரா பின்தொடர்கிறது, அவசரமே இல்லாமல். எடிட்டராக இருந்து வந்தவர் படத்தைத் தடதடவென்று வெட்டித் தொடங்குவார் என்று எதிர்பார்த்து உட்கார்ந்தேன், இங்கே என்னடா என்றால் வெட்டே வருவேனா என்கிறது. எதற்காக இப்படி இழுக்கிறார் என்று நாம் யோசிக்கும்போது அவன் நாற்காலி மேல் ஏறித் தொங்கிவிடுகிறான். உடனே அம்மா உள்ளே வருகிறாள். பார்க்கிறாள். போனை எடுத்து உட்கார்ந்து பேச ஆரம்பிக்கிறாள். பேசி முடித்துவிட்டு, எட்டு மணிக்குச் சாப்பாடு, கொஞ்சம் கலகலப்பாக இரு என்கிற மாதிரி ஏதோ சொல்லிவிட்டுப் போய்விடுகிறாள்.

என் அம்மா பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். "என்னடா இவ, புள்ள தூக்குல தொங்குறான், இவ போன்ல பேசிட்டிருக்கா!" என்று பதறிவிட்டுப் பத்து நொடி கழித்துச் சிரித்தார். அந்தப் பத்து நொடிதான் இந்தப் படம். முதலில் பதற வைத்து, அந்தப் பதற்றம் அடங்குவதற்குச் சரியாக எவ்வளவு நேரம் வேண்டுமோ அவ்வளவு நேரம் அந்தம்மாவின் முகத்தில் நின்று, அப்புறம் விடுகிறார். கொஞ்சம் முன்னால் வெட்டியிருந்தால் அது கொடூரம், கொஞ்சம் பின்னால் வெட்டியிருந்தால் நாடகக் காமெடி. விவியன் பிக்கிள்ஸ் என்ற நடிகை அந்த அம்மாவாக நடித்திருக்கிறார், படத்தில் எனக்கு மிகவும் பிடித்தவர் அவர்தான், தலைப்பில் பேர் இருக்கும் ரெண்டு பேரையும்விட.

கல்யாண வீடியோவிலும் இதே கணக்குத்தான். தாலி கட்டுவதை யார் வேண்டுமானாலும் எடுக்கலாம், அடுத்து பெண்ணின் அம்மா முகத்துக்கு எப்போது போகிறோம், அங்கே எவ்வளவு நேரம் நிற்கிறோம் என்பதில்தான் வீடே அழும். ஆஷ்பி அதே ரியாக்‌ஷன் ஷாட்டை எடுத்துக்கொண்டு அழுகைக்குப் பதிலாகச் சிரிப்புக்கு வைத்திருக்கிறார். ஹெரால்டு உடுப்போடு நீச்சல் குளத்தில் குப்புற மிதக்கிறான், அம்மா குளியல் தொப்பி போட்டுக்கொண்டு பக்கத்திலேயே இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நீந்துகிறாள். ஒரு பார்வை, அவ்வளவுதான், நீச்சல் தொடர்கிறது. கம்ப்யூட்டர் மூலம் பெண் பார்க்கும் கம்பெனியின் கேள்வித்தாளை அம்மா வாசித்துக் காட்டுகிறாள், வாசித்துக்கொண்டே போகப் போக மகனுக்காகச் சொல்ல வேண்டிய பதிலையெல்லாம் தனக்குப் பிடித்தபடி தானே சொல்லி நிரப்பிக்கொண்டிருக்கிறாள், எதிரே மகன் துப்பாக்கியில் குண்டு போட்டுக்கொண்டிருக்கிறான், அவள் நிமிர்ந்துகூடப் பார்ப்பதில்லை. 1971-லேயே மேட்ரிமோனி தளத்தில் அம்மாவே பையன் பேரில் புரொஃபைல் போடும் கதையை எடுத்துவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

பெண் பார்க்கும் காட்சிகளில் முதல் பெண் வந்து உட்கார்ந்திருக்கிறாள், ஜன்னலுக்கு வெளியே ஹெரால்டு தீக்குளிப்பது தெரிகிறது, அவள் அலறிக்கொண்டிருக்கும்போதே அவன் கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்து நிற்கிறான். அவள் ஓடிய பிறகு அவன் மெல்லத் திரும்பி நேராகக் கேமராவைப் பார்க்கிறான். நம்மைப் பார்க்கிறான். படம் முழுக்க அப்படி அவன் நம்மைப் பார்த்துச் சிரிக்கும் இடம் அது ஒன்றுதான் என் நினைவில் நிற்கிறது. ஹெரால்டாக நடித்த பட் கோர்ட்டின் அந்தக் குழந்தை முகத்தில் ஒரு திருட்டுச் சிரிப்பு, உடனே அம்மாவின் முறைப்பு, சிரிப்பு காலி. ரெண்டு மூன்று வெட்டு, வசனமே இல்லை. என் உதவியாளனுக்கு இந்த இடத்தை மட்டும் நாலு தடவை போட்டுக் காட்டினேன்.

கிண்டல் வீட்டோடு நிற்கவில்லை. வியட்நாம் போர் நடந்துகொண்டிருந்த காலம். ஹெரால்டின் மாமா விக்டர் ராணுவ அதிகாரி, ஒரு கை கிடையாது, வெறும் சட்டைக் கையை ஒரு கயிற்றை இழுத்துச் சல்யூட் அடிக்க வைப்பார். அவர் பின்னால் சுவரில் அப்போதைய அமெரிக்க ஜனாதிபதி நிக்சன் படம். கிழவியைக் கல்யாணம் பண்ணப் போகிறேன் என்று பையன் சொன்னதும் மாமா, மனநல மருத்துவர், பாதிரியார் மூன்று பேரும் வரிசையாக வந்து அறிவுரை சொல்கிறார்கள், மருத்துவர் பின்னால் உளவியல் மேதை ஃப்ராய்டு, பாதிரியார் பின்னால் போப். சட்டகத்தை மாற்றாமல் ஆளை மட்டும் மாற்றிப் போட்டே சிரிக்க வைக்கிறார். பாதிரியார் பேசும் பேச்சு ரொம்ப அசிங்கம், அம்மாவோடு உட்கார்ந்து பார்த்தால் அந்த இடத்தில் தண்ணீர் குடிக்க எழுந்து போய்விடுங்கள்.

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். படத்தைப் பார்க்காதவர்கள் ரெண்டு பத்தி தாண்டிப் போகலாம், அம்பது வருடப் படத்துக்கு இதற்கு மேல் எச்சரிக்கை சொல்ல முடியாது.

கடலோரம், சூரியன் இறங்குகிற நேரம், ஹெரால்டும் மோடும் உட்கார்ந்திருக்கிறார்கள். மோட் கடற்பறவைகளைப் பற்றி ஏதோ பேசிக்கொண்டிருக்கிறாள். அவன் அவள் கையைப் பிடிக்கிறான். அவள் முன்கையில் பச்சை குத்திய ஓர் எண் தெரிகிறது. உடனே போய்விடுகிறது. யாரும் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசுவதில்லை, இசை மாறுவதில்லை, அதற்கப்புறம் படத்தில் எங்கேயும் அதைத் திரும்பத் தொடுவதில்லை. நாஜி வதை முகாமில் கைதிகளுக்குக் குத்திய எண் அது, அங்கிருந்து பிழைத்து வந்தவள் அவள். காரைத் திருடிக்கொண்டும் மரத்தைப் பிடுங்கிக் காட்டில் நட்டுக்கொண்டும் திரியும் இந்தக் கிழவிக்கு எங்கிருந்து இவ்வளவு உயிர்ப்பு என்று அதுவரை கொஞ்சம் எரிச்சலோடுகூடப் பார்த்துக்கொண்டிருந்தோமே, அத்தனைக்கும் பதில் அந்த ஒரு துண்டு ஃபிலிம். மூச்சை இழுத்து விடுவதற்குள் முடிந்துவிடும்.

எட்டு வருடம் முன்னால் இதை லேப்டாப்பில் மங்கலான ஒரு பிரதியில் பார்த்தபோது எனக்கு அந்த எண் கண்ணில் படவே இல்லை! கை பிடித்தார்கள், சரி என்று போய்விட்டேன். இந்த டிஸ்க்கில் என் அம்மாதான் முதலில் கேட்டார், "அந்தம்மா கையில என்னடா நம்பரு?" என்று. நிறுத்தி, பின்னால் போய், ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்திப் பார்த்தேன். நானாக இருந்திருந்தால் என்ன செய்திருப்பேன் என்று தெரியும், அதை ரெண்டு மடங்கு நீட்டியிருப்பேன், கீழே வயலின் போட்டிருப்பேன், பையன் முகத்துக்குப் போய் அவன் கண்ணில் தண்ணீர் வருகிறதா என்று பார்த்திருப்பேன். கஸ்டமர் கேட்காவிட்டாலும் செய்திருப்பேன். ஆஷ்பி எடிட்டிங் உதவியாளராக இருந்த நாட்களில் வேலை செய்த படங்களில் 'தி டைரி ஆஃப் ஆன் ஃப்ராங்க்' (1959) ஒன்று, நாஜிகளுக்குப் பயந்து ஒளிந்திருந்து கடைசியில் முகாமில் இறந்துபோன யூதச் சிறுமியின் கதை. அந்தக் கதையை நாள் கணக்காக, அடி அடியாக ஃபிலிமில் கையால் தொட்டு வேலை பார்த்தவர், பன்னிரண்டு வருடம் கழித்துத் தன் படத்தில் அதற்குக் கொடுத்த இடம் இவ்வளவுதான். இதைவிட அதிகமாகக் கொடுத்திருக்க முடியாது என்றும் தோன்றுகிறது.

இதே மாதிரி இன்னொரு வெட்டு. வெள்ளைப் பூக்கள் மண்டிக் கிடக்கும் வெளியில் ரெண்டு பேரும் உட்கார்ந்து, ஒவ்வொரு பூவும் வேறு வேறு என்று மோட் சொல்லிக்கொண்டிருப்பாள். அடுத்த ஷாட்டில் அவர்கள் ஒரு கல்லறை வெளியில் இருக்கிறார்கள், கேமரா பின்னால் போகப் போக ஒரே மாதிரியான வெள்ளைக் கற்கள், வரிசை வரிசையாக, திரை முழுக்க. ராணுவக் கல்லறை அது. போருக்கு எதிராக ஒரு வசனம்கூட இல்லை, பூவிலிருந்து கல்லுக்கு ஒரு தாவல்.

ஒன்று சொல்ல வேண்டும், படத்தின் டைட்டிலில் எடிட்டிங் என்று ஆஷ்பி பேர் இருக்காது, வில்லியம் சாயர், எட்வர்டு வார்ஷில்கா என்ற ரெண்டு பேரின் பேர் இருக்கும். டைரக்டரே எடிட் செய்துவிட்டார் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். ஆனால் எப்படிப்பட்ட ஷாட்டை எடுத்துக்கொண்டு வந்தால் மேசையில் எது நடக்கும் என்று தெரிந்த ஆள் செட்டில் நிற்கும்போது வேலை பாதி அங்கேயே முடிந்துவிடுகிறது. மேசையில் உட்கார்ந்து "ஐயோ, இந்த இடத்தில் அம்மா முகத்தை எடுக்கவே இல்லையே" என்று தலையில் அடித்துக்கொள்பவனுக்கு இது புரியும்.

குறையும் இருக்கிறது. மோட் பேசும் தத்துவங்களில் பாதி எனக்கு ஒட்டவில்லை. வாழ்ந்து பார், முயன்று பார் என்கிற மாதிரி வாட்ஸ்அப் காலை வணக்கத்தில் வருகிற சமாச்சாரம்தான், மோடாக நடித்த ரூத் கார்டன் அதைச் சொல்வதால் தப்பிக்கிறது. போலீஸ்காரரை ஏமாற்றும் காட்சிகள் நீளம். மூன்றாவது பெண் வந்து, ஹெரால்டு வயிற்றில் கத்தியால் குத்திக்கொள்வதைப் பார்த்து அசராமல் பாராட்டுகிறாளே, அதெல்லாம் ஒரே ஜோக்கை மூன்று முறை சொல்வதாகத்தான் முதலில் பட்டது, ரெண்டாவது தடவை பார்க்கும்போதுதான் அவள் ஒருத்திதான் அவன் விளையாட்டைப் புரிந்துகொண்டு கூடச் சேர்ந்து ஆடுகிறாள், அப்படியும் அவனுக்கு அவளைப் பிடிக்கவில்லை என்பது உறைத்தது. அதனால் இந்தக் குறையைப் பாதி வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்.

கடைசிப் பத்து நிமிடம் பற்றி முழுசாகச் சொல்ல மாட்டேன். ஆம்புலன்ஸ், மருத்துவமனை நடைபாதை, மழையில் தனியாகக் காரோட்டும் ஹெரால்டு, இந்த மூன்றையும் முன்பின்னாகக் கலந்து, பேச்சுச் சத்தத்தைப் பெரும்பாலும் எடுத்துவிட்டு, கேட் ஸ்டீவன்ஸ் பாடுவதை மட்டும் விட்டிருக்கிறார். எது முன்னால் நடந்தது, எது பின்னால் என்று நமக்குத் தெரியும், தெரிந்தும் ஏதோ ஓர் ஆசையோடு பார்ப்போம். அந்தக் கார் என்ன கார் என்றால், அம்மா ஆசையாக வாங்கிக் கொடுத்த ஜாகுவாரை மகன் வெட்டி ஒட்டி அமரர் ஊர்தியாக மாற்றி வைத்திருப்பது. என் அம்மா கடைசியில், "அந்தக் காரை இப்படிப் பண்ணிட்டானே" என்று காருக்காகத்தான் முதலில் வருத்தப்பட்டார்.

படம் வந்தபோது என்ன நடந்தது தெரியுமா? 1971 டிசம்பர் 20 அன்று, கிறிஸ்துமஸுக்கு முன்னால், குடும்பம் குடும்பமாக ஜனங்கள் தியேட்டருக்கு வரும் வாரத்தில் வெளியிட்டார்கள். படுத்துவிட்டது. ஓர் அனாதை விடுதி தீப்பிடித்து எரிவதைப் பார்க்கிற அளவு தமாஷாக இருக்கிறது என்று 'வெரைட்டி' என்ற சினிமாப் பத்திரிகை எழுதியது. அப்புறம் கல்லூரி ஊர்களில் மெல்ல மெல்லப் பிடித்து, மினசோட்டாவில் எடைனா என்ற ஊரில் ஒரே தியேட்டரில் ரெண்டு வருடத்துக்கு மேல் ஓடியிருக்கிறது. நம் ஊரில் இருபத்தைந்து வாரம் ஓடினாலே வெள்ளி விழா, இது நூறு வாரத்துக்கு மேல். அக்கம்பக்கத்தில் குடியிருந்தவர்கள் வேறு படம் போடச் சொல்லித் தட்டி பிடித்து மறியல் செய்தார்களாம். 1997-ல் அமெரிக்க அரசின் தேசியத் திரைப்படப் பதிவேட்டிலும் சேர்த்துவிட்டார்கள்.

ஆஷ்பியை ஸ்டுடியோவுக்குக் கட்டுப்படாத 'தனி வழிக்காரர்' என்று சொல்வதில் ஒரு சிக்கல் இருக்கிறது, இந்தப் படத்துக்குப் போட்ட காசு பாரமவுண்ட் ஸ்டுடியோ காசு. ஆனால் ஸ்டுடியோவுக்குள் எடுக்காமல் சான் பிரான்சிஸ்கோ பக்கம் போய்ப் படமெடுத்தார், நீளத் தாடியும் முடியுமாக ஸ்டுடியோக் கூட்டங்களுக்குப் போனார், 1970-லிருந்து 1979-க்குள் ஏழு படம் எடுத்தார், ஏழும் ஒன்றுபோல் இன்னொன்று கிடையாது. கடைசி காலக் கதைதான் எனக்கு வயிற்றைப் பிசைந்தது. 1986-ல் வந்த அவருடைய கடைசித் திரைப்படத்தில், ஷூட்டிங் முடிந்ததும் படத்தை அவர் கையிலிருந்து வாங்கிக்கொண்டு எடிட்டிங்கை வேறு ஆட்களிடம் கொடுத்துவிட்டார்கள். எடிட்டிங்குக்கு ஆஸ்கர் வாங்கிய ஆளை அவர் படத்தின் எடிட்டிங் அறையிலிருந்தே வெளியே அனுப்பினார்கள். 1988-ல் புற்றுநோயில் இறந்தபோது 59 வயது.

இன்னொரு விஷயமும் சொல்லியாக வேண்டும், விளையாட்டாக இல்லாமல். ஆஷ்பிக்குப் பன்னிரண்டு வயதில் அவருடைய அப்பா துப்பாக்கியால் சுட்டுக்கொண்டு இறந்தார். இதைத் தெரிந்துகொண்டு படத்தை மறுபடி பார்த்தால் அந்தப் பொய்த் தற்கொலைகளில் ஒன்றுகூட நாம் நினைத்த அளவு லேசாக இல்லை. ஹெரால்டு முதல் தடவை அம்மாவைப் பயமுறுத்தியது எப்படி என்று மோடிடம் சொல்லி அழும் காட்சி ஒன்று இருக்கிறது, பள்ளிக்கூடத்தில் விபத்து நடந்து அவன் இறந்துவிட்டதாகப் போலீஸ் வந்து சொல்ல, அம்மா மயங்கி விழுவதை மறைந்திருந்து பார்த்திருக்கிறான். வெட்டாமல் அவன் முகத்திலேயே நிற்கும் இடங்களில் அது ஒன்று. உங்கள் வீட்டிலோ நெருங்கிய இடத்திலோ அப்படி ஏதாவது நடந்திருந்தால் இந்த டிஸ்க்கை இப்போது போடாதீர்கள், நண்பர்கள் கூட்டத்தில் சிரிப்புப் படம் என்று சொல்லித் திடீரென்று போட்டுவிடவும் வேண்டாம்.

சரி, டிஸ்க். படம் 91 நிமிடம். பழைய பிரதியில் சேறு மாதிரி இருந்த அந்த வீட்டு உள்புறங்கள் இதில் பழுப்பு, கரும்பச்சை என்று பிரிந்து தெரிகின்றன, ஃபிலிமில் பொடிமணல் மாதிரித் தெரியும் புள்ளிகளைத் துடைத்து மெழுகு பொம்மை ஆக்காமல் விட்டிருக்கிறார்கள், ஒளிப்பதிவாளர் ஜான் அலோன்சோவுக்கு மரியாதை. ஒலியில் பழைய மோனோவும் இருக்கிறது, ஸ்டீரியோவும் இருக்கிறது. நான் மோனோவில் பார்த்தேன், பாட்டுக்காக மட்டும் ஒரு தடவை ஸ்டீரியோ. சப்டைட்டில் ஆங்கிலம்தான், அம்மாவுக்கு நான் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லிக்கொண்டே வந்தேன், பாதிரியார் இடம் தவிர.

கூடுதல் சமாச்சாரங்களில் ஆஷ்பியும் ஹிக்கின்ஸும் கருத்தரங்குகளில் பேசிய ஒலிப்பதிவுகளைப் படங்களோடு சேர்த்துத் தந்திருக்கிறார்கள். ஆஷ்பி பேசுவதைக் கேட்கத்தான் எனக்கு ஆசை, ஒரு மேடைப் பேச்சாளர் தோரணையே இல்லாமல் பேசுகிறார். அவர் வாழ்க்கை வரலாற்றை எழுதிய நிக் டாசனும் தயாரிப்பாளர் சார்லஸ் மல்வெஹிலும் படம் முழுக்கப் பேசும் விளக்கத் தடம் ஒன்று இருக்கிறது, தகவல் நிறைய, சுவாரஸ்யம் ஏற்ற இறக்கம், கல்யாண ஆல்பம் வேலை செய்துகொண்டே பின்னால் ஓடவிட்டுக் கேட்டேன். பிறகு இஸ்லாத்துக்கு மாறி யூசுஃப் ஆகிவிட்ட கேட் ஸ்டீவன்ஸின் பேட்டி சின்னது, நன்றாக இருக்கிறது. இந்தப் படத்துக்காக அவர் புதிதாகக் கொடுத்த ரெண்டு பாட்டும் ஆல்பமாக வெளிவர 1984 வரை ஆனது, அதுவரை ரசிகர்கள் அவற்றைக் கேட்க வேண்டுமானால் படத்தைத்தான் பார்க்க வேண்டும். எடைனாவில் ரெண்டு வருடம் ஓடியதற்கு அதுவும் ஒரு காரணமோ என்னவோ, இது என் ஊகம்.

அப்புறம் ஒரு விளையாட்டு. கேளிக்கைப் பூங்காவில் பொம்மை ரயில் ஓடும் இடத்தில் தாடிக்காரர் ஒருவர் நின்று வேடிக்கை பார்ப்பார், அவர்தான் ஆஷ்பி. கண் சிமிட்டினால் போச்சு.

வெளிவந்தபோது விலை 39.95 டாலர் என்று போட்டிருந்தார்கள், அந்த விலைக்கு யாரும் வாங்க வேண்டாம். கிரைடீரியன் டிஸ்க்குகளை வருடத்தில் சில தடவை பாதி விலைக்குப் போடுவார்கள், அமெரிக்காவில் சொந்தக்காரர் இருந்தால் அந்த நேரம் பார்த்து வாங்கி வைக்கச் சொல்லிவிட்டு ஊருக்கு வரும்போது கையோடு கொண்டுவரச் சொல்லுங்கள். கூரியரில் வரவழைத்தால் சுங்க வரி தனி. 2021-ல் படத்தின் 50 வருடத்தையொட்டி பாரமவுண்டே இன்னொரு புளூ-ரே போட்டிருக்கிறது, அது என் கைக்கு வரவில்லை, அதனால் ஒப்பிட்டுச் சொல்ல முடியாது. ஆஷ்பியைப் பற்றி எமி ஸ்காட் எடுத்த 'ஹால்' (2018) என்ற ஆவணப்படத்தையும் பார்த்துவிடுங்கள், எமி ஸ்காட்டும் எடிட்டராக இருந்து வந்தவர்தான்.

டிஸ்க் இப்போது என் உதவியாளனிடம் இருக்கிறது. ஒரு ரிசப்ஷன் வீடியோவில் மாப்பிள்ளையின் தாய்மாமன் தூங்கி வழியும் ஷாட்டை எவ்வளவு நேரம் வைப்பது என்று மூன்று நாளாக என்னோடு சண்டை போட்டுக்கொண்டிருக்கிறான். உள்ளே இருந்த சின்னப் புத்தகத்தை மட்டும் நான் எடுத்து வைத்துக்கொண்டேன்.